பழைய மதர்போர்டைப் படிக்கும் முறை: சிப் முதல் ஜம்பர் வரை

சேலம் அம்மாப்பேட்டையில் என் வேலை மேசைக்குப் போன மாதம் ஒரு கேபினெட் வந்தது. ஆத்தூர் ரோட்டில் உள்ள ஒரு ஜவ்வரிசி ஆலையின் எடைமேடைக் கம்ப்யூட்டர். மரவள்ளிக் கிழங்கு ஏற்றி வரும் லாரிகளை எடை போட்டு, டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டரில் சீட்டு அடித்துத் தருவது அதன் வேலை. அந்த சாஃப்ட்வேர் டாஸில், அதாவது விண்டோஸுக்கு முந்திய இயங்குதளத்தில் ஓடுவது. பேரலல் போர்ட்டில் டாங்கிள் என்ற சாவி மாதிரியான சின்னக் கருவி செருகியிருந்தால்தான் திறக்கும். எழுதிக் கொடுத்தவர் இப்போது தொழிலில் இல்லை. இருபத்தைந்து வருடம் தாண்டியும் அந்த போர்டை அவர்கள் விடாமல் வைத்திருக்கக் காரணம் அதுதான்.

கேபினெட்டோடு ஆலைக்காரரின் மகன் ஒரு காகிதப் பொட்டலத்தையும் கொடுத்தார். பிரித்தால் உள்ளே ஐந்து ஜம்பர் கேப், போர்டில் இரண்டு பின்னை இணைக்கும் சின்னத் தொப்பிகள்.

"பேட்டரி மாத்தலாம்னு தொறந்தோங்கண்ணா. உள்ள ஒரே மாவுத்தூசி. சுத்தம் பண்றப்ப நம்ம பையன் இதையெல்லாம் கழட்டி வெச்சுட்டான். எது எங்க இருந்துச்சுன்னு அவனுக்கு ஞாபகம் இல்லைங்க. இப்ப டிஸ்ப்ளேவே வரலை."

மேனுவல் இல்லை, போட்டோ இல்லை. ஐந்து கேப்பும் திரும்ப அதனதன் இடத்துக்குப் போக வேண்டும். தப்பான இடத்தில் போட்டால் பிராசசரே போய்விடலாம். அந்த போர்டை நான் படித்த முறையையே இங்கே வழிகாட்டியாக எழுதுகிறேன். பென்டியம் காலத்து சாக்கெட் 7 (பிராசசர் உட்காரும் இடத்தின் வகை) போர்டுகளை வைத்தே பெரும்பகுதி விளக்குகிறேன், ஏனென்றால் ஜம்பர் அதிகம் உள்ளது அவற்றில்தான். 1998க்குப் பிறகு வந்தவற்றுக்கு இதில் பாதி வேலைகூட இருக்காது.

திறப்பதற்கு முன்

முதலில் எடுக்க வேண்டியது போன் கேமரா. மூடியைத் திறந்ததும், ஒரு வயரைக்கூடத் தொடாமல், நான்கு மூலையிலிருந்தும் நேர் மேலிருந்தும் படம் எடுங்கள். ஜம்பர் கூட்டம் இருக்கும் இடங்களைத் தனித்தனியாக, கிட்டத்தில் எடுங்கள். டார்ச்சைப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்தால், போர்டில் அச்சடித்த வெள்ளை எழுத்து தெளிவாக விழும். ஃபிளாஷ் போட்டால் எழுத்து வெளுத்துப் போகும். இந்த ஒரு வேலையை அந்தப் பையன் செய்திருந்தால் எனக்கு இரண்டு நாள் மிச்சமாகியிருக்கும்.

அடுத்தது கரண்ட். பழைய ஏடி வகை கேபினெட்டில் முன்பக்கப் பவர் ஸ்விட்சுக்கு எஸ்எம்பிஎஸ் என்ற பவர் சப்ளைப் பெட்டியிலிருந்து நேராக 230 வோல்ட் வருகிறது. கறுப்பு உறைக்குள் நான்கு தடித்த வயர்கள் போகும். ஸ்விட்சை ஆஃப் செய்தாலும் பிளக் செருகியிருந்தால் அதில் மின்சாரம் இருக்கும். ஆகவே பிளக்கை உருவிவிட்டுத்தான் கையை உள்ளே விட வேண்டும். 1995இல் இன்டெல் கொண்டுவந்த ஏடிஎக்ஸ் வகையில் முன் ஸ்விட்ச் வெறும் சைகை கொடுப்பது மட்டும்தான். அதற்காக அலட்சியம் வேண்டாம். பிளக் செருகியிருக்கும்வரை ஊதா வயரில் 5 வோல்ட் ஸ்டாண்ட்பை போர்டுக்குள் ஓடிக்கொண்டே இருக்கும்.

ஏற்காட்டிலிருந்து போர்டு கொண்டுவருபவர்களுக்குத் தனியாக ஒன்று சொல்ல வேண்டும். மலைமேல் குளிரில் இருந்த போர்டை இருபது கொண்டைஊசி வளைவு இறக்கிச் சேலத்து வெக்கைக்குக் கொண்டு வந்தால், குளிர்ந்த உலோகத்தின்மேல் காற்றிலுள்ள ஈரம் படியும். கண்ணுக்குத் தெரியாது. அன்றைக்கே கரண்ட் கொடுக்காமல், கேபினெட்டைத் திறந்து ஒரு இரவு வைத்துவிட்டு மறுநாள் வேலையைத் தொடங்குங்கள். மலையில் மழைக்காலம் முழுக்க இருந்த போர்டுகளில் ஜம்பர் பின்கள் கறுத்துப்போயிருக்கும். அப்படியிருந்தால் கேப் போட்டிருந்தும் உள்ளே தொடர்பு இருக்காது. போட்டோ எடுத்த பிறகு ஒவ்வொரு கேப்பாக, ஒன்றை முடித்துவிட்டே அடுத்ததைத் தொட்டு, ஐந்தாறு தடவை ஏற்றி இறக்கினால் பின் பளிச்சென்று ஆகிவிடும்.

486க்கும் அதற்கு முந்திய போர்டுகளுக்கும் வேறொரு ஆபத்து உண்டு. விசைப்பலகை செருகும் இடத்துக்குப் பக்கத்தில் நீல நிறத்தில் பீப்பாய் மாதிரி ஒரு நிக்கல் காட்மியம் பேட்டரி சால்டர் செய்திருப்பார்கள். அது கசிந்தால் சுற்றியுள்ள செப்புக்கோடுகளை அரித்துவிடும். பச்சைப் பூச்சு பூத்திருந்தால் முதலில் பேட்டரியை வெட்டி எடுங்கள். கசிவு காரத்தன்மை உள்ளது. அதனால் வெள்ளை வினிகரைப் பழைய டூத் பிரஷ்ஷில் தொட்டுத் தேய்த்து, பிறகு தண்ணீராலும், கடைசியாக ஐசோபுரோபைல் ஆல்கஹாலாலும் கழுவ வேண்டும். நன்றாகக் காய்ந்தபின், கோடு அறுந்திருக்கிறதா என்று மல்டிமீட்டரில் பாருங்கள்.

போர்டின் பெயரும் ரிவிஷனும்

பெயர் பெரும்பாலும் கார்டு செருகும் பிசிஐ ஸ்லாட்டுகளுக்கு நடுவில் ஒளிந்திருக்கும். இல்லையென்றால் போர்டின் ஓரத்தில், அல்லது கடைசி ஐஎஸ்ஏ (பிசிஐக்கு முந்திய வகை) ஸ்லாட்டின் பக்கவாட்டில் ஒட்டிய சின்ன வெள்ளைத் தாளில் இருக்கும். பெயரோடு நிறுத்தாமல் ரிவிஷன் எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள். ஒரே பெயரில் 1.2க்கும் 2.0க்கும் ஜம்பர் அட்டவணையே மாறியிருப்பதை நான் பார்த்திருக்கிறேன்.

போர்டு ஓடும் நிலையில் இருந்தால் இன்னொரு வழி உண்டு. ஆன் செய்ததும் முதலில் ஓடும், போர்டிலேயே பதிந்த புரோகிராம்தான் பயாஸ். அவார்டு நிறுவனத்தின் பயாஸ் உள்ள போர்டில், ஆன் செய்ததும் திரையின் அடியில் இடது ஓரம் தேதியில் தொடங்கும் நீண்ட எழுத்துச் சரம் வரும். பாஸ் பட்டனை அழுத்தினால் அது நிற்கும். அந்தச் சரத்தில் 2ஏ59ஐ என்று இருந்தால் சிப்செட் (பிராசசரையும் ராமையும் மற்றவற்றையும் இணைக்கும் சிப்கள்) இன்டெல் 430டிஎக்ஸ். 2ஏ69கே என்று இருந்தால் 440பிஎக்ஸ். அதை அடுத்து வரும் இரண்டு எழுத்துகள் போர்டைத் தயாரித்தவரைக் காட்டும். ஏ0 என்றால் அசூஸ், ஜி0 என்றால் ஜிகாபைட்.

பெயர் கிடைத்துவிட்டால், தி ரெட்ரோ வெப் தளத்தில் மேனுவலும் பயாஸ் ஃபைலும் கிடைக்க நல்ல வாய்ப்பு இருக்கிறது. தேடிக் கிடைத்த மேனுவலின் படத்தையும் உங்கள் போர்டையும் பக்கத்தில் வைத்து, ஸ்லாட் எண்ணிக்கை, ஜம்பர்கள் இருக்கும் இடம் எல்லாம் ஒத்துப்போகிறதா என்று பாருங்கள். ஒரு ஜம்பர்கூட இடம் மாறியிருந்தால் அது வேறு ரிவிஷன்.

எடைமேடை போர்டில் பெயர் இருந்த ஸ்டிக்கர் பாதி கிழிந்திருந்தது. மேனுவல் கிடைக்கவில்லை. ஆகவே சிப்பைப் பார்த்தே போக வேண்டியதாயிற்று.

சிப்செட் என்ன சொல்கிறது

ஸ்பெசிஃபிகேஷன் என்று மேனுவலின் முதல் பக்கத்தில் ஒரு பெரிய பட்டியல் இருக்கும். அதில் முக்கால்வாசி சிப்செட்டைப் பொறுத்தது. பிராசசர் சாக்கெட்டுக்கு அருகில் உள்ள பெரிய சதுர சிப்பில் 82439டிஎக்ஸ் என்று இருந்தால் அது 430டிஎக்ஸ். 82443பிஎக்ஸ் என்றால் 440பிஎக்ஸ். எழுத்து மங்கியிருந்தால் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைத்துவிட்டுப் பாருங்கள். செவ்வாய்ப்பேட்டையில் கொலுசுப் பட்டறை வைத்திருக்கும் நண்பர் தன் பழைய லென்ஸ் ஒன்றை எனக்குக் கொடுத்தார். சிப் எழுத்துக்கும் பற்றவைப்புக்கும் அதுதான் என் கண்.

430டிஎக்ஸ் என்று தெரிந்ததும் எனக்கு இவ்வளவும் தெரிந்துவிட்டது: அதிகபட்சம் 256 எம்பி ராம், ஹார்ட் டிஸ்குக்கு யுடிஎம்ஏ 33 வேகம், டிஸ்ப்ளே கார்டுக்கான ஏஜிபி ஸ்லாட் கிடையாது, முறையான பஸ் (பிராசசரும் சிப்செட்டும் பேசும் பாதை) வேகம் 66 மெகாஹெர்ட்ஸ். இதோடு இன்னொன்றும் உண்டு. இந்த சிப்செட் 64 எம்பி வரைதான் கேஷ் செய்யும், அதாவது வேகமான இடைநினைவின் உதவியோடு ஓட்டும். அதற்கு மேல் ராம் போட்டால், மேல்பகுதி ராம் எல்2 கேஷின் உதவியில்லாமல் ஓடும். டாஸ் மட்டும் ஓடும் கம்ப்யூட்டருக்கு 128 எம்பி வாங்கிப் போடுவது வீண் செலவு. 32 எம்பி ஏராளம்.

ராமில் எல்லோரும் ஏமாறும் ஓர் இடம், சிப் எண்ணிக்கை. 440பிஎக்ஸ் போர்டில் 256 எம்பி எஸ்டிராம் போடும்போது, பக்கத்துக்கு 8 வீதம் 16 சிப் உள்ள ராமாக இருந்தால் முழுதும் தெரியும். ஒரு பக்கம் மட்டும் 8 சிப் உள்ள 256 எம்பி ராம் என்றால் 128தான் காட்டும். ராமில் கோளாறு இல்லை. அவ்வளவு அடர்த்தியான சிப்பை அந்த சிப்செட்டுக்குப் படிக்கத் தெரியாது. 72 பின் சிம் ராம் உள்ள பென்டியம் போர்டில் ஒன்றை மட்டும் போட்டால் ஓடாது, ஜோடியாகத்தான் போட வேண்டும். பிராசசரின் பாதை 64 பிட், ஒரு சிம்மின் பாதை 32 பிட் என்பதுதான் காரணம்.

ஹார்ட் டிஸ்க் விஷயத்தில், அந்தக் காலத்துப் பல பயாஸ்களுக்கு 8.4 ஜிபியில் ஒரு சுவர். 1999 வாக்கில் வந்த சில அவார்டு பயாஸ்களுக்கு 32 ஜிபியில் இன்னொரு சுவர். அதைத் தாண்டிய டிஸ்கைப் போட்டால் திரை அப்படியே உறைந்து நின்றுவிடும். எடைமேடைக்கு நான் ஹார்ட் டிஸ்கையே எடுத்துவிட்டு, ஐடிஇ அடாப்டரில் 2 ஜிபி காம்பாக்ட் ஃபிளாஷ் கார்டு போட்டுக் கொடுத்தேன். டாஸின் ஃபேட்16 பார்ட்டிஷனுக்கும் 2 ஜிபிதான் எல்லை. லாரி ஏறி இறங்கும் அதிர்வும் அதை ஒன்றும் செய்யாது.

எஸ்எம்பிஎஸ் வயர்கள்

ஏடி போர்டில் பி8, பி9 என்று இரண்டு ஆறு வயர் கனெக்டர்கள் பக்கத்தில் பக்கத்தில் உட்காரும். இரண்டும் ஒரே மாதிரி இருப்பதால் மாற்றிச் செருகிவிட முடியும். மாற்றிச் செருகினால் போர்டு போய்விடும். இரண்டின் கறுப்பு வயர்களும் நடுவில் ஒன்றாகச் சேர வேண்டும் என்பதுதான் கணக்கு.

20 பின் ஏடிஎக்ஸ் போர்டுக்குப் புது எஸ்எம்பிஎஸ் போடுவதாக இருந்தால், 24 பின் கனெக்டரில் நாலு பின் தனியாகக் கழலும் வகையை வாங்குங்கள். இன்னும் இரண்டு விஷயம் பார்க்க வேண்டும். பழைய போர்டுகள் பெரும்பாலான சக்தியை 5 வோல்ட்டிலிருந்து எடுக்கும், புது எஸ்எம்பிஎஸ்களின் பலமோ 12 வோல்ட்டில் இருக்கிறது. ஆகவே மொத்த வாட்ஸைவிட 5 வோல்ட்டுக்கு எத்தனை ஆம்பியர் என்று லேபிளில் பாருங்கள். புதியவற்றில் மைனஸ் 5 வோல்ட் கிடையாது. சில பழைய ஐஎஸ்ஏ கார்டுகளுக்கு அது தேவைப்படும்.

ஜம்பர் என்பது என்ன

இரண்டு பின்னை இணைக்கும் ஒரு சின்ன உலோகத் துண்டு, அதன்மேல் பிளாஸ்டிக் தொப்பி. பின்களுக்கு நடுவே 2.54 மில்லிமீட்டர். அவ்வளவுதான். போர்டு தயாரித்தவருக்கு அதில் எந்தப் பிராசசரை நீங்கள் போடுவீர்கள் என்று தெரியாது. ஆகவே பிராசசருக்கு எத்தனை வோல்ட், எவ்வளவு வேகம் என்பதைச் சொல்லும் பொறுப்பை உங்களிடம் விட்டுவைத்திருக்கிறார். ஒவ்வொரு ஜம்பரிலிருந்தும் ஒரு செப்புக்கோடு கிளம்பி ஏதோ ஒரு சிப்பின் காலுக்குப் போகிறது. எந்த சிப்புக்குப் போகிறது என்று தெரிந்துவிட்டால் அந்த ஜம்பரின் வேலை தெரிந்துவிடும். வோல்டேஜ் ரெகுலேட்டருக்குப் போனால் வோல்டேஜ் ஜம்பர். போர்டுக்குத் துடிப்பைத் தரும் கிளாக் ஜெனரேட்டருக்குப் போனால் பஸ் வேகம். பிராசசர் சாக்கெட்டுக்கே போனால் பெருக்கம், அதாவது பஸ் வேகத்தை எத்தனை மடங்காக்குவது என்பது. இந்தப் பொட்டலத்தில் இருந்த ஐந்தையும் அப்படித்தான் கண்டுபிடித்தேன்.

அட்டவணையில் வரும் வார்த்தைகள்: ஓபன் என்றால் கேப் இல்லை. குளோஸ் அல்லது ஷார்ட் என்றால் கேப் இருக்கிறது. மூன்று பின் உள்ள ஜம்பருக்கு 1-2, 2-3 என்று போட்டிருப்பார்கள். அங்கே முதல் பின் எது என்று தெரியாமல் கேப்பைத் தொடக்கூடாது. பக்கத்தில் 1 என்று எண் இருக்கலாம், சின்ன முக்கோணம் இருக்கலாம், ஒரு ஓரத்தில் மட்டும் தடித்த வெள்ளைக் கோடு இருக்கலாம். எதுவும் இல்லையென்றால் போர்டைத் திருப்பிப் பின்புறச் சால்டரைப் பாருங்கள். மற்ற பின்களின் சால்டர் புள்ளிகள் வட்டமாக இருக்க, முதல் பின்னுடையது மட்டும் பெரும்பாலும் சதுரமாக இருக்கும். லென்ஸில் பார்த்தால் நன்றாகத் தெரியும்: உருண்டைச் சால்டர்கள் வரிசைக்கு முன்னால் மூலை மூலையாக ஒரே ஒரு சதுரம்.

சில போர்டுகளில் ஜம்பருக்குப் பதில் டிப் ஸ்விட்ச் இருக்கும். அதில் ஆன் என்ற எழுத்து எந்தப் பக்கம் இருக்கிறதோ அந்தப் பக்கம் தள்ளினால் குளோஸ். பேனா முள்ளால் தள்ளுங்கள். பென்சில் வேண்டாம், கரித்தூள் மின்சாரம் கடத்தும்.

வோல்டேஜ்: முதலில் இது, எப்போதும் இது

வேகத்தைத் தப்பாக வைத்தால் கம்ப்யூட்டர் கிளம்பாது, சரிசெய்துகொள்ளலாம். வோல்டேஜைக் கூட்டி வைத்தால் பிராசசர் சூடேறிச் செத்துவிடும். தொழிலுக்கு வந்த புதிதில், ஓடிக்கொண்டிருந்த ஒரு போர்டின் வோல்டேஜ் கேப்பைச் சுத்தம் செய்ய எடுத்துவிட்டு, பக்கத்துப் பின்னில் போட்டுவிட்டேன். உடனே எதுவும் ஆகவில்லை. இரண்டு மணி நேரம் ஓடியது. பிறகு திரை உறைந்தது, மறுபடி வரவே இல்லை. அது ஒரு டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டின் ஒரே கம்ப்யூட்டர். அந்த வாரம் முழுக்க அந்தப் பிள்ளைகள் பழைய ரெமிங்டனில் பழகினார்கள். அன்றிலிருந்து வோல்டேஜைப் பார்க்காமல் வேறு எதையும் நான் தொடுவதில்லை.

எத்தனை வோல்ட் என்று பிராசசரே சொல்லும். ஹீட்சிங்க்கை எடுத்து, பழைய பேஸ்ட்டை ஆல்கஹாலால் துடைத்துவிட்டுப் பாருங்கள். ஏஎம்டி கே6 வகைகளின் தலையிலேயே கோர் (உள்ளே) எத்தனை வோல்ட், ஐஓ (வெளியே பேசுவதற்கு) எத்தனை வோல்ட் என்று அச்சிட்டிருக்கும். இன்டெல் பென்டியத்தைக் கழற்றித் திருப்பினால் வயிற்றுப்பக்கம் எஸ் எழுத்தில் தொடங்கும் ஒரு குறியீடும் அதை அடுத்துச் சாய்கோடும் இருக்கும். எம்எம்எக்ஸ் என்றால் சாய்கோட்டுக்குப் பின் 2.8 என்று வரும். எம்எம்எக்ஸ் இல்லாத பழைய பென்டியம் என்றால் அங்கே மூன்று எழுத்துகள் வரும். முதல் எழுத்து எஸ் என்றால் சாதாரண 3.3 வோல்ட். வி என்றால் விஆர்இ என்று சொல்லும் சற்றே கூடின வோல்டேஜ், 3.4க்கும் 3.6க்கும் நடுவில்.

நினைவில் வைக்க வேண்டிய கோர் வோல்டேஜ்கள் இவை:

பென்டியம் எம்எம்எக்ஸ்: 2.8
ஏஎம்டி கே6, 166 மற்றும் 200: 2.9
ஏஎம்டி கே6, 233: 3.2
ஏஎம்டி கே6-2: பெரும்பாலும் 2.2, சிலவற்றில் 2.4
சைரிக்ஸ் 6எக்ஸ்86எம்எக்ஸ்: 2.9

பிராசசர் மேல் வேறு எண் இருந்தால் அந்த எண்ணைத்தான் நம்ப வேண்டும், இந்தப் பட்டியலை அல்ல. எம்எம்எக்ஸ் முதலான இவை எல்லாவற்றுக்கும் உள்ளே ஒரு வோல்டேஜ், வெளியே பேசுவதற்கு 3.3 என்று இரண்டு வேண்டும். இரண்டு வோல்டேஜ் தராத பழைய சாக்கெட் போர்டில் இவற்றைப் போட முடியாது.

இனி ஜம்பருக்கு வருவோம். பல சாக்கெட் 7 போர்டுகளில் வோல்டேஜுக்கு நான்கு ஜோடிப் பின்கள் இருக்கும். அட்டவணையைப் பார்த்தால் ஏதோ மந்திரக் கட்டம் மாதிரி தெரியும். உண்மையில் அது ஒரு கூட்டல் கணக்கு. எந்தக் கேப்பும் இல்லையென்றால் 2.0 வோல்ட். நான்கு ஜோடியும் முறையே 0.1, 0.2, 0.4, 0.8 வோல்ட்டைக் கூட்டும். 2.8 வேண்டுமா, 0.8இல் மட்டும் ஒரு கேப். 2.9க்கு 0.8ம் 0.1ம். 3.2க்கு 0.8ம் 0.4ம். 2.2க்கு 0.2 மட்டும். நான்கும் போட்டால் 3.5. படிக்கல் வைத்து எடை போடுவது மாதிரிதான் இது. எல்லா போர்டுகளும் இப்படி இல்லை, ஆனால் உங்கள் அட்டவணை இந்தக் கணக்குக்குள் வருகிறதா என்று பார்த்துவிட்டால் அச்சுப்பிழையைக்கூடக் கண்டுபிடித்துவிடலாம்.

எடைமேடை போர்டில் இருந்தது எம்எம்எக்ஸ் 200. வயிற்றில் 2.8 என்று தெளிவாக இருந்தது. சாக்கெட்டுக்குப் பக்கத்தில் நான்கு ஜோடிப் பின்கள். எது 0.8 என்று தெரியவில்லை. பிராசசரையும் ராமையும் எடுத்து வைத்துவிட்டேன். இந்த வகை போர்டுகளில் கோர் வோல்டேஜை முடிவுசெய்வது ஜம்பர்தான், பிராசசர் அல்ல. ஆகவே சாக்கெட் காலியாக இருக்கும்போதே பெரும்பாலும் அளந்து பார்க்கலாம். மல்டிமீட்டரின் கறுப்பு முனையை கேபினெட் உலோகத்திலும், சிவப்பு முனையை சாக்கெட்டை ஒட்டிய செப்புக் காயிலின் வெளிப்பக்கத்திலும் வைத்தேன். கேப் இல்லாமல் 2.02 காட்டியது. கரண்டை நிறுத்தி, ஒரு ஜோடியில் கேப் போட்டு, மறுபடி ஆன் செய்தேன்: 2.12. அடுத்த ஜோடியில் 2.22. மூன்றாவதில் 2.42. நான்காவதில் 2.83. பொட்டலத்திலிருந்த முதல் கேப்புக்கு வீடு கிடைத்துவிட்டது. ஒவ்வொரு முறையும் கரண்டை நிறுத்திவிட்டுத்தான் கேப்பை மாற்ற வேண்டும். மீட்டர் முனை வழுக்கிப் பக்கத்துக் காலைத் தொட்டுவிடாமல் இருக்க, நுனியில் இரண்டு மில்லிமீட்டர் மட்டும் விட்டு மீதிக்கு டேப் சுற்றிக்கொள்ளுங்கள்.

பஸ் வேகமும் பெருக்கமும்

பிராசசர் வேகம் இரண்டு எண்களின் பெருக்கல். பஸ் 66, பெருக்கம் 3 என்றால் 200. பென்டியம் 75 என்பது 50ஐ ஒன்றரையால் பெருக்கியது, 90 என்பது 60இன் ஒன்றரை, 133 என்பது 66இன் இரண்டு, 166 என்பது 66இன் இரண்டரை. சைரிக்ஸில் கவனம் வேண்டும். பிஆர்166+ என்று பெயரில் இருந்தாலும் அதன் உண்மையான வேகம் 133தான். பெயரிலுள்ள எண்ணை நம்பி 166 வைத்தால் ஓடாது.

பஸ் வேக ஜம்பர்கள் கிளாக் ஜெனரேட்டர் சிப்புக்குப் போகும். அந்த சிப்பைக் கண்டுபிடிப்பது எளிது. அதன் பக்கத்தில் 14.318 என்று எழுதிய வெள்ளி நிறக் கிரிஸ்டல் இருக்கும். 32.768 என்று இருக்கும் கிரிஸ்டல் கடிகாரத்துக்கானது, அதோடு குழப்ப வேண்டாம். கிளாக் சிப்பின் எண்ணை வைத்து டேட்டாஷீட் தேடினால், எஃப்எஸ்0, எஃப்எஸ்1 என்ற கால்களும், எது உயர்ந்திருந்தால் எது தாழ்ந்திருந்தால் எத்தனை மெகாஹெர்ட்ஸ் என்ற அட்டவணையும் கிடைக்கும். மல்டிமீட்டரை பீப் சத்தத்தில் வைத்து, அந்தக் கால்களிலிருந்து ஜம்பர் பின்னுக்குத் தொடர்பு தேடினேன். இரண்டு கேப்புகள் அங்கே போயின.

75, 83 என்றும் அட்டவணையில் இருக்கும். 430டிஎக்ஸ்ஸுக்கு அவை முறையான வேகங்கள் அல்ல. இந்த போர்டுகளில் பிசிஐ வேகம் பஸ் வேகத்தில் பாதி. 66க்கு 33, அது சரி. 83 வைத்தால் பிசிஐ 41க்கு மேல் போய்விடும். ஹார்ட் டிஸ்க் கண்ட்ரோலரும் அதோடு ஓட வேண்டியிருப்பதால் டேட்டா கெட்டுப்போகும். தொழில் நடக்கும் கம்ப்யூட்டரில் அதைத் தொடவே கூடாது என்பது என் உறுதியான எண்ணம்.

பெருக்க ஜம்பர்கள் நேராக பிராசசர் சாக்கெட்டுக்குப் போகின்றன. பிஎஃப்0 என்ற கால் ஒய்33இல், பிஎஃப்1 எக்ஸ்34இல். சாக்கெட்டின் ஓரத்தில் எழுத்தும் எண்ணும் அச்சிட்டிருந்தால் எண்ணிக் கண்டுபிடித்துவிடலாம். இந்த இரண்டு கால்களுக்கும் நான்கு நிலைகள்தான் முடியும். பழைய பென்டியத்துக்கு அவை 1.5, 2, 2.5, 3. இதற்குமேல் வேகம் வந்தபோது, இருக்கிற நிலையையே புதுப் பிராசசர்கள் வேறு மாதிரி புரிந்துகொள்ளும்படி செய்தார்கள். எம்எம்எக்ஸ் 233க்கு ஜம்பரை 1.5இல் வைத்தால் அது 3.5 என்று எடுத்துக்கொள்ளும். பிற்கால கே6-2 வகைகள் 2 என்பதை 6 என்று எடுத்துக்கொள்ளும். அதனால்தான் 400 மெகாஹெர்ட்ஸ் கே6-2ஐ வோல்டேஜ் ஒத்துவரும் பழைய 66 மெகாஹெர்ட்ஸ் போர்டிலும் ஓட்ட முடிகிறது. அட்டவணையில் 3.5 இல்லையே என்று 233ஐத் திருப்பிக் கொடுத்தவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

எங்கள் 200க்கு 3 வேண்டும். நான்காவது கேப் அதற்குப் போனது.

சாக்கெட் 7க்குப் பின் வந்த ஸ்லாட் 1, சாக்கெட் 370 போர்டு வைத்திருப்பவர்களுக்கு இந்த அத்தியாயமே பெரும்பாலும் தேவையில்லை. பிராசசரே தன் வோல்டேஜைப் போர்டுக்குச் சொல்லிவிடும். 1998க்குப் பிந்திய இன்டெல் பிராசசர்களில் பெருக்கம் பூட்டியிருக்கும். 66, 100 என்ற பஸ் ஜம்பர் ஒன்று இருந்தால் அதுகூட ஆட்டோவில் இருக்கட்டும்.

சிமாஸ் ஜம்பரும் மற்றவையும்

ஐந்தாவது கேப் சிமாஸ் கிளியர், பயாஸில் சேமித்த அமைப்புகளை அழிப்பதற்கானது. பட்டன் பேட்டரிக்குப் பக்கத்தில் மூன்று பின். வழக்கமாக 1-2 சாதாரணம், 2-3 அழிப்பது. பிளக்கை உருவி, கேப்பை 2-3க்கு மாற்றி, பத்து விநாடி வைத்து, திரும்ப 1-2க்குக் கொண்டுவந்த பிறகுதான் கரண்ட் கொடுக்க வேண்டும். இந்தக் கேப் இல்லாமல் போனால் பல போர்டுகளில் பேட்டரி இணைப்பே அறுந்துவிடும், சில போர்டுகள் கிளம்பவும் கிளம்பாது. பேட்டரி சிஆர்2032, புதியது 3 வோல்ட்டுக்குச் சற்று மேலே காட்டும். 2.7க்குக் கீழே இருந்தால் மாற்றிவிடுகிறேன். இன்டெல்லின் சொந்த போர்டுகளில் இந்த மூன்று பின்னுக்கு வேறு அர்த்தம்: 1-2 சாதாரணம், 2-3 செட்டப், கேப் இல்லையென்றால் பயாஸ் மீட்பு. அங்கே கேப்பைத் தொலைத்துவிட்டு டிஸ்ப்ளே வரவில்லை என்று தேடிக்கொண்டிருக்காதீர்கள்.

முன்பக்க வயர்களில் எல்ஈடிக்கு மட்டும்தான் திசை உண்டு. எரியவில்லை என்றால் திருப்பிச் செருகுங்கள். ரீசெட், ஸ்பீக்கர் எப்படிச் செருகினாலும் வேலை செய்யும்.

சீரியல் போர்ட்டைப் பற்றி எழுதாமல் விட்டால் எடைமேடைக்காரர்களுக்கு இந்த வழிகாட்டி பயனில்லை. ஏடி போர்டில் சீரியல் போர்ட் ஒரு பத்துப் பின் தலையிலிருந்து ரிப்பன் கேபிளில் பின்பக்கத் தகட்டுக்கு வரும். இந்த கேபிளில் இரண்டு வகை இருக்கிறது. ஒன்றில் போர்டுப் பின் எண்ணும் ஒன்பது பின் கனெக்டரின் எண்ணும் ஒன்றே. இன்னொன்றில் ரிப்பன் நேராகப் போவதால் 1, 6, 2, 7 என்று மாறி மாறி வரும். பார்த்தால் வித்தியாசமே தெரியாது. தப்பான வகையைப் போட்டால், பயாஸில் கம்1 (முதல் சீரியல் போர்ட்) சரியாகக் காட்டும், எடைக்கருவியிலிருந்து ஒரு எண்கூட வராது. எடைக்கருவி கெட்டுவிட்டது என்று அதைக் கழற்றிக்கொண்டு அலைவார்கள். கேபிளின் இரு முனைகளிலும் மல்டிமீட்டர் வைத்துப் பார்த்து எழுதி வைத்துக்கொள்ளுங்கள். போர்டோடு வந்த கேபிளை வேறு போர்டுக்குக் கொடுத்துவிடாதீர்கள்.

முதல் ஆன்

கெப்பாசிட்டர்களை ஒருமுறை விரலால் தடவிப் பாருங்கள். தலை தட்டையாக இருக்க வேண்டும். உப்பியோ, பழுப்பாகக் கசிந்தோ இருந்தால் மாற்றிவிட்டுத்தான் மேலே போக வேண்டும். 1999 முதல் சில வருடங்கள் வந்த போர்டுகளில் இது மிக அதிகம்.

பிறகு பிராசசர், அதன் ஃபேன், ஒரு ராம், ஒரு டிஸ்ப்ளே கார்டு, ஸ்பீக்கர். இவ்வளவு மட்டும். ஹார்ட் டிஸ்க் வேண்டாம். ஃபேன் சுற்றுகிறதா என்று முதலில் பாருங்கள். எங்கள் தெருவில் தறி ஓடும் நேரமெல்லாம் பஞ்சு பறக்கும், அது ஃபேன் அச்சில் சுற்றிக்கொண்டு நின்றுவிடும். அவார்டு பயாஸில் ஒரு சின்ன பீப் என்றால் நல்லது. ஒரு நீளமும் இரண்டு குட்டையும் என்றால் டிஸ்ப்ளே கார்டு. நீளமான பீப் விடாமல் வந்தால் ராம், எடுத்து அழிரப்பரால் தங்கப் பற்களைத் தேய்த்துப் போடுங்கள். சத்தமே இல்லையென்றால் போஸ்ட் கார்டு (கிளம்பும்போது எந்தக் கட்டத்தில் நிற்கிறது என்று குறியீடாகக் காட்டும் சோதனைக் கார்டு) செருகிப் பாருங்கள். அவார்டு பயாஸில் சி1இல் நின்றால் ராம் பக்கம் போங்கள். எஃப்எஃப் அல்லது 00இலேயே நின்றால் பிராசசர் இன்னும் ஓடவே தொடங்கவில்லை என்று பொருள், வோல்டேஜுக்கும் பெருக்கத்துக்கும் திரும்பிப் போங்கள்.

எடைமேடை போர்டு ஒரு சின்ன பீப் கொடுத்தது. திரையில் பென்டியம் எம்எம்எக்ஸ், 200 மெகாஹெர்ட்ஸ், 32 எம்பி. பத்து நிமிடம் ஓடவிட்டு ஹீட்சிங்க்கைத் தொட்டுப் பார்த்தேன். கையை வைத்திருக்க முடிகிற சூடுதான். அதன் பிறகு பிராசசரோடு ஓடும்போது காயிலில் மறுபடி அளந்தேன். 2.81.

கேபினெட் மூடியின் உள்பக்கம் ஒரு வெள்ளைத் தாளில் போர்டைப் படமாக வரைந்து, ஐந்து கேப்புகளின் இடத்தையும் சிவப்பு மையில் குறித்து, பக்கத்தில் வோல்டேஜ் 2.8, பஸ் 66, பெருக்கம் 3, சிமாஸ் 1-2 என்று எழுதி, சீரியல் கேபிளின் வகையையும் தேதியையும் போட்டு, அகல டேப்பால் ஒட்டினேன். அதே தாளை ஆலைக்காரரின் மகன் போனில் படம் எடுத்துக்கொண்டார். மறுநாள் காலை ஆறரைக்கு அவரிடமிருந்து ஒரு படம் வந்தது: முதல் லாரியின் எடைச்சீட்டு, அன்றைய தேதியோடு.